த்ராட்டில் பொசிஷன் சென்சார்: மாற்றுவதற்கு முன் மூன்று வயர்களை அளந்து பாருங்கள்

ஆக்சிலரேட்டரை லேசாக மிதித்தால் கார் ஒரு நொடி தயங்கிவிட்டுப் பாய்கிறது, நின்றுகொண்டிருக்கும்போது எஞ்சின் வேகம் தானாக ஏறி இறங்குகிறது, காரின் கணினியைப் படிக்கும் கருவியான ஸ்கேனரில் பி0121 என்ற பிழைக்குறியீடு வருகிறது, த்ராட்டில் பொசிஷன் சென்சாரை மாற்றச் சொல்கிறார்கள், நானே மாற்றிக்கொள்ள முடியுமா என்று கேட்டிருக்கிறீர்கள்.

முடியும். கேபிள் இழுத்துத் திறக்கும் பழைய வகை த்ராட்டிலாக இருந்தால் ஒரு கனெக்டரும் இரண்டு ஸ்க்ரூக்களும்தான். அரை மணி நேரத்தில் முடிந்துவிடும். ஆனால் அதை மாற்ற வேண்டுமா என்பதை நீங்கள் இன்னும் பார்க்கவில்லை. குறியீட்டில் சென்சாரின் பெயர் இருப்பதால் சென்சார்தான் கெட்டுவிட்டது என்று எடுத்துக்கொள்கிறோம். காரின் கணினிக்குத் தெரிந்ததெல்லாம் ஒரு வயரில் வந்த வோல்டேஜ் அது எதிர்பார்த்தபடி இல்லை என்பது மட்டுமே. அந்த வயரின் மறுமுனையில் என்ன நடந்தது என்று அதற்குத் தெரியாது.

இதை நான் அசடு வழிந்து கற்றுக்கொண்டேன். ஒரு காரில் இதே சென்சாரின் பெயரில் பி0122 வந்தது. சென்சாரை மாற்றினேன், இரண்டு நாளில் எஞ்சின் எச்சரிக்கை விளக்கு மறுபடியும் எரிந்தது. வாங்கிய சென்சார் மட்டமானது என்று முடிவு கட்டி இன்னொன்றை வாங்கி மாட்டினேன். அதுவும் மூன்று நாள்தான் தாங்கியது. அதற்குப் பிறகுதான் பொறுமையாக உட்கார்ந்து வயரைக் கையில் எடுத்து அங்குலம் அங்குலமாக வளைத்துப் பார்த்தேன். கனெக்டருக்கு இரண்டு விரற்கடை தள்ளி ஓரிடத்தில் வயர் நூலைப் போலத் துவண்டது. மேலுறையில் கீறல்கூட இல்லை. உறையைச் சீவிப் பார்த்தால் உள்ளே செம்பு இழைகள் அறுந்து, பச்சைப் பொடியாகப் பூத்துக் கிடந்தன. எஞ்சின் அதிரும்போது இழைகள் ஒட்டும், விலகும். பழைய சென்சாரில் எந்தக் குறையும் இருந்திருக்காது. அதை நான் ஏற்கெனவே குப்பையில் போட்டுவிட்டிருந்தேன்.

ஆகவே முதலில் இந்தச் சென்சார் என்ன செய்கிறது என்று பார்த்துவிடுவோம். அது புரிந்துவிட்டால் சோதனை முறைகள் தாமாகவே விளங்கும்.

எஞ்சினுக்குள் போகும் காற்றின் அளவை த்ராட்டில் பாடிக்குள் இருக்கும் வட்டத் தகடு கட்டுப்படுத்துகிறது. நீங்கள் மிதிக்கும்போது தகடு ஒரு தண்டின் மீது சுழன்று திறக்கிறது. அந்தத் தண்டின் நுனியில் செருகப்பட்டிருப்பதுதான் த்ராட்டில் பொசிஷன் சென்சார். பழைய வகைச் சென்சாருக்குள் இருப்பது பழைய ரேடியோவில் ஒலியைக் கூட்டிக் குறைக்கும் திருகுக்குள் இருக்கும் அதே பொருள்தான்: வளைவான ஒரு கரித் தடம், அதன்மேல் உரசிக்கொண்டு நகரும் மெல்லிய உலோக விரல். தடத்தின் ஒரு முனைக்குக் கணினி 5 வோல்ட் தருகிறது. மறுமுனை எர்த். விரல் எந்த இடத்தில் நிற்கிறதோ அதற்கேற்ற வோல்டேஜ் மூன்றாவது வயர் வழியாகக் கணினிக்குத் திரும்புகிறது. தகடு மூடியிருக்கும்போது ஏறத்தாழ 0.5 வோல்ட், முழுவதும் திறந்தால் 4 முதல் 4.7 வோல்ட் வரை. காருக்குக் கார் சற்று மாறும். கீழே 0 வரையும் மேலே 5 வரையும் போகவிடாமல் இரு பக்கமும் இடைவெளி விட்டிருப்பதற்குக் காரணம் உண்டு. அந்த இடைவெளிக்குள் வோல்டேஜ் நுழைந்தாலே வயர் அறுந்தது அல்லது எங்கோ ஒட்டிக்கொண்டது என்று கணினி கண்டுகொள்ளும்.

பழைய ரேடியோவில் திருகைத் திருப்பும்போது ஒரு குறிப்பிட்ட இடத்தில் மட்டும் கரகரவென்று சத்தம் வரும், நினைவிருக்கிறதா? சென்சார் கெடுவதும் அப்படித்தான். நாம் ஓட்டும் நேரத்தில் பெரும்பகுதி தகடு மூடிய நிலைக்கும் கால்வாசித் திறப்புக்கும் இடையில்தான் ஆடிக்கொண்டிருக்கிறது. ஆகவே தடம் முதலில் தேய்வதும் அங்கேதான். தேய்ந்த சென்சார் ஒன்றை உடைத்துப் பார்த்திருக்கிறேன். கறுத்த தடத்தின் தொடக்கத்தில் நகத்தால் கீறியதுபோல் இரண்டு பளபளப்பான கோடுகள், பக்கத்தில் மைபோலக் கரித்தூள். தடத்தின் மறுபாதி புதிதுபோல் இருந்தது. லேசாக மிதிக்கும்போது தயங்கும் கார், அழுத்தி மிதித்தால் ஒழுங்காகப் பாய்வதன் ரகசியம் இதுதான். உங்கள் காரும் லேசான மிதியில்தான் தயங்குகிறது என்று எழுதியிருக்கிறீர்கள். சென்சார்மீது சந்தேகப்படுவதற்கு இது நல்ல காரணம். ஆனால் தீர்ப்பு எழுத இது போதாது.

கணினி இந்த வோல்டேஜை வைத்து என்னென்ன செய்கிறது என்று தெரிந்தால் மற்ற அறிகுறிகளும் பொருந்தி வரும். வோல்டேஜ் சட்டென்று உயர்ந்தால் ஓட்டுநர் வேகம் கேட்கிறார் என்று கணினி கொஞ்சம் கூடுதல் எரிபொருளைத் தெளிக்கிறது. தேய்ந்த இடத்தில் விரல் போகும்போது வோல்டேஜ் உயர்வதற்குப் பதிலாக விழுகிறது. ஓட்டுநர் காலை எடுத்துவிட்டார் என்று கணினி நினைத்துக்கொண்டு எரிபொருளைக் குறைக்கிறது. நீங்கள் உணரும் தயக்கம் அந்த ஒரு நொடி. மூடிய நிலை வோல்டேஜ் நிலையாக இல்லாவிட்டால், கால் பெடலில் இருக்கிறதா இல்லையா என்று கணினிக்குக் குழப்பம் வரும். அதனால் நின்ற இடத்தில் வேகம் ஏறி இறங்கும், சில சமயம் எஞ்சின் அணைந்தே போகும். தானியங்கி கியர் உள்ள கார்களில் கியர் மாறும் நேரத்தை முடிவு செய்வதிலும் இந்த வோல்டேஜுக்குப் பங்கு உண்டு. அங்கே கியர் இடித்து மாறுவது, தாமதமாக மாறுவது என்று குறை வேறு முகத்தோடு வரும். கியர்பெட்டியைக் கழற்றச் சொல்லும் முன் இதைப் பார்ப்பது நல்லது. இன்னொரு வேடிக்கையும் உண்டு. பல கார்களில் பெடலை முழுவதும் அழுத்திக்கொண்டு ஸ்டார்ட்டரைச் சுழற்றினால், எஞ்சின் பெட்ரோலில் நனைந்துவிட்டது என்று கணினி புரிந்துகொண்டு எரிபொருளை நிறுத்திவிடும். சென்சார் பொய்யாக முழுத் திறப்பு என்று சொன்னால், எந்தக் குறையும் இல்லாத எஞ்சின்கூட ஸ்டார்ட் ஆகாமல் அடம்பிடிக்கும்.

குறியீடுகளைப் பற்றி. பி0120 என்பது பொதுவாகச் சென்சார் சுற்றில் கோளாறு. பி0122 என்றால் வோல்டேஜ் மிகக் குறைவு, பி0123 என்றால் மிக அதிகம், பி0124 என்றால் விட்டுவிட்டு வருகிறது. உங்களுக்கு வந்திருக்கும் பி0121 சற்று வித்தியாசமானது. வோல்டேஜ் எல்லையைத் தாண்டவில்லை, ஆனால் மற்ற தகவல்களோடு ஒத்துப்போகவில்லை என்று அது சொல்கிறது. தகடு இவ்வளவு திறந்திருந்தால் இவ்வளவு காற்று போயிருக்க வேண்டும் என்று கணினி ஒரு கணக்கு வைத்திருக்கிறது. அந்தக் கணக்கு இடிக்கிறது. அப்படியானால் சென்சார் பொய் சொல்லலாம். காற்றை அளக்கும் சென்சாரும் பொய் சொல்லலாம். தகட்டின் விளிம்பில் கரி அப்பிக்கொண்டு காற்று வழியைக் குறுக்கியிருக்கலாம். எங்காவது வெடித்த ரப்பர் குழாய் வழியாகக் கணக்கில் வராத காற்று உள்ளே நுழையலாம். நான்கு பேரில் ஒருவரைத்தான் குறியீடு பெயர் சொல்லி அழைக்கிறது. மற்ற குறியீடுகளைவிட பி0121-க்குச் சோதனை அதிகம் தேவைப்படுவது இதனால்தான்.

எனவே மீட்டரை எடுக்கும் முன் கண்ணால் பார்க்க வேண்டியதைப் பார்த்துவிடுங்கள். காற்றுக் குழாயைக் கழற்றி, த்ராட்டில் தகட்டின் விளிம்பைத் துணியால் துடைத்துப் பாருங்கள். துணி கறுத்து வந்தால் முதலில் சுத்தம் செய்யுங்கள். அதற்கென்று விற்கும் த்ராட்டில் பாடி கிளீனரைத் துணியில் தெளித்துத் துடைப்பது பாதுகாப்பானது. உள்ளே பீச்சி அடித்தால் திரவம் தண்டு வழியாகச் சென்சாருக்குள் இறங்கக்கூடும். நல்ல சென்சாரை நாமே கெடுத்த கதையாகிவிடும். கேபிள் மிக இறுக்கமாக இருந்து தகட்டை முழுவதும் மூடவிடாமல் இழுத்துப் பிடிக்கிறதா என்றும் பாருங்கள். பெடலுக்கு அடியில் கால்விரிப்பு மடங்கிக் கிடந்து முழுத் திறப்பைத் தடுப்பதும் உண்டு. சிரிக்காதீர்கள், நான் பார்த்திருக்கிறேன். கனெக்டரைக் கழற்றி உள்ளே பச்சைக் களிம்பு, எண்ணெய், ஈரம் இருக்கிறதா, ஊசிகளில் ஏதாவது பின்னுக்குத் தள்ளப்பட்டிருக்கிறதா என்று வெளிச்சத்தில் பாருங்கள்.

பிறகு ஸ்கேனர். குறியீட்டை உடனே அழித்துவிட வேண்டாம். குறியீடு பதிவான கணத்தில் எஞ்சின் என்ன வேகத்தில் இருந்தது, எவ்வளவு சூடாக இருந்தது என்ற விவரத்தைக் கணினி சேமித்து வைத்திருக்கும். அதைக் குறித்துக்கொள்ளுங்கள், அழித்தால் அதுவும் போய்விடும். பிறகு நேரடித் தகவல்களில் த்ராட்டில் நிலையைத் திறந்து, சாவியைப் போட்டு எஞ்சினை ஓட்டாமல் பெடலை மெல்ல மிதியுங்கள். இங்கே பலர் ஏமாறும் ஓர் இடம் உண்டு. தகடு மூடியிருக்கும்போது ஸ்கேனர் 0 சதவீதம் காட்டாமல் 12, 15 என்று காட்டினால் பதற வேண்டாம். அது பெரும்பாலும் 5 வோல்ட்டில் எத்தனை சதவீதம் என்ற கணக்கு. 0.7 வோல்ட் என்றால் 14 சதவீதம். அதேபோல் முழுவதும் மிதித்தாலும் 100 வராது. 4.5 வோல்ட் வந்தால் 90 சதவீதம். அந்த எண்ணைவிட, கால் நகரும்போது எண் படிப்படியாக ஏறுகிறதா, நடுவில் விழுகிறதா என்பதுதான் நமக்கு வேண்டியது. ஸ்கேனர் ஒரு நொடிக்குச் சில தடவைதான் எண்ணைப் புதுப்பிக்கும். ஆகவே வோல்டேஜின் சின்னச் சரிவு அதன் கண்ணில் படாமலே போகலாம். ஸ்கேனரில் சரியாகத் தெரிந்தால் சென்சார் நல்லது என்று அர்த்தமாகாது.

இப்போது மல்டிமீட்டர். தலைப்பில் சொன்ன மூன்று வயர்கள் இவைதான். எது எது என்று உங்கள் காரின் சர்வீஸ் கையேட்டில் இருக்கும். இல்லாவிட்டாலும் அளந்தே கண்டுபிடித்துவிடலாம்.

முதலில் 5 வோல்ட் வயர். கனெக்டரைக் கழற்றி, சாவியைப் போட்டு, மீட்டரின் கறுப்பு முனையைப் பேட்டரியின் எதிர்முனையில் (நெகட்டிவ்) வைத்து, வயர் பக்கத்துக் கனெக்டரில் ஒவ்வொரு ஊசியாக அளந்து பாருங்கள். ஒன்றில் 5 வோல்ட் அல்லது அதை ஒட்டி வர வேண்டும். வரவில்லை, அல்லது 2, 3 வோல்ட்தான் வருகிறது என்றால் சென்சாரைக் குறை சொல்ல முடியாது, அதற்குச் சாப்பாடே போகவில்லை. பல கார்களில் இந்த 5 வோல்ட் ஒரே இடத்திலிருந்து பல சென்சார்களுக்குப் பிரிந்து போகிறது. இன்டேக் குழாயின் அழுத்தத்தை அளக்கும் சென்சாரோ, ஏசி அழுத்த சென்சாரோ உள்ளுக்குள் எர்த் ஆகிவிட்டால், அது எல்லோருடைய வோல்டேஜையும் சேர்த்து இழுத்துக் கீழே போட்டுவிடும். அந்த வயரைப் பகிரும் சென்சார்களின் கனெக்டர்களை ஒவ்வொன்றாகக் கழற்றிக்கொண்டே மீட்டரைப் பாருங்கள். எதைக் கழற்றும்போது 5 வோல்ட் திரும்புகிறதோ அதுதான் கள்ளன்.

அடுத்தது எர்த் வயர். ஓம் அளவில் வைத்து நல்ல எர்த் என்று திருப்திப்படாதீர்கள். ஒரே ஒரு செம்பு இழை ஒட்டிக்கொண்டிருந்தாலும் ஓம் மீட்டர் நன்றாகத்தான் காட்டும். கனெக்டரை மாட்டிய நிலையில், சாவி போட்டு, எர்த் வயரின் பின்பக்கத்துக்கும் பேட்டரி எதிர்முனைக்கும் இடையில் வோல்டேஜ் அளந்து பாருங்கள். 0.1 வோல்ட்டுக்குக் கீழே இருக்க வேண்டும். அதைத் தாண்டினால் எங்கோ தடை இருக்கிறது, அந்தத் தடை அளவுக்குச் சிக்னலும் உயர்ந்துவிடும். எர்த் முழுவதுமாக அறுந்திருந்தால் தகடு எங்கே இருந்தாலும் சிக்னல் 5 வோல்ட்டை ஒட்டியே நிற்கும். பி0123 வந்த பல கார்களில் நல்ல சென்சார் வெளியே போய்விடுகிறது, அறுந்த எர்த் உள்ளேயே தங்கிவிடுகிறது.

மாட்டிய கனெக்டரில் எப்படி அளப்பது? வயர் நுழையும் பின்பக்கத்து ரப்பர் ஓரமாக மெல்லிய ஊசி ஒன்றை நுழைத்து, உலோகத்தைத் தொட்டதும் அதில் மீட்டர் முனையைக் கோத்துக்கொள்ள வேண்டும். இரண்டு ஊசிகள் ஒன்றையொன்று தொட்டுவிடக் கூடாது. வயரின் உறையைக் குத்தி அளக்கும் பழக்கம் வேண்டாம். அந்தத் துளை வழியாக ஈரம் இறங்கி, ஓராண்டு கழித்து நான் பார்த்த பச்சைப் பொடியை நீங்களும் பார்ப்பீர்கள்.

மூன்றாவது, சிக்னல் வயர். வழக்கை முடித்து வைக்கும் சோதனை இதுதான், அவசரப்படாதீர்கள். மீட்டரை சிக்னலுக்கும் எர்த்துக்கும் இடையில் வைத்து, எஞ்சினை ஓட்டாமல் சாவியை மட்டும் போட்டு, மூடிய நிலை வோல்டேஜைக் குறித்துக்கொள்ளுங்கள். பிறகு த்ராட்டில் கேபிள் பூட்டியிருக்கும் அரைவட்டத் தகட்டை விரலால் பிடித்து, மயிரிழை மயிரிழையாகத் திறந்துகொண்டே போங்கள். முழுவதும் திறக்கப் பத்து, பதினைந்து நொடியாவது எடுத்துக்கொள்ளுங்கள். வோல்டேஜ் வழுவழுவென்று ஏற வேண்டும். தேய்ந்த சென்சாரில் 0.52, 0.58, 0.66, 0.71 என்று ஏறிக்கொண்டே வந்து திடீரென்று 0.2-க்கு விழும், அல்லது எண்கள் பைத்தியம் பிடித்ததுபோல் குதிக்கும். இன்னும் ஓரிழை நகர்த்தினால் 0.83 என்று ஒன்றுமே நடக்காததுபோல் தொடரும். அந்த இடத்திற்குத் திரும்பத் திரும்பப் போய்ப் பாருங்கள். ஒவ்வொரு முறையும் அதே இடத்தில் விழுந்தால் தடம் தேய்ந்துவிட்டது. சென்சார் போய்விட்டது, மறுபேச்சு இல்லை.

டிஜிட்டல் மீட்டர் சில சரிவுகளைப் பிடிக்காது. குறைந்தபட்சம், அதிகபட்சம் பதிவு செய்யும் வசதி மீட்டரில் இருந்தால் அதைப் போட்டுக்கொள்ளுங்கள். முள் ஆடும் பழைய அனலாக் மீட்டர் வீட்டில் கிடந்தால் இந்த ஒரு சோதனைக்கு அதுதான் ராஜா. முள் ஒரு துடிப்புத் துடிப்பதைக் கண் தவறவிடாது. ஆசிலோஸ்கோப் உள்ளவர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை, திரையில் கோடு சாய்வாக ஏறும், தேய்ந்த இடத்தில் கீழ்நோக்கி ஒரு முள் குத்தி நிற்கும்.

குறை விட்டுவிட்டு வருவதாக இருந்தால், தகட்டை ஒரே இடத்தில் பிடித்துக்கொண்டு ஸ்க்ரூடிரைவரின் கைப்பிடியால் சென்சாரை மெல்லத் தட்டுங்கள். பிறகு சென்சாரை விட்டுவிட்டு வயரை மட்டும் அசையுங்கள். தட்டும்போது வோல்டேஜ் துள்ளினால் சென்சார், வயரை அசைக்கும்போது துள்ளினால் வயர் அல்லது கனெக்டர். எஞ்சின் சூடானால் மட்டும் வரும் குறை என்றால், தலைமுடி உலர்த்தும் கருவியால் சென்சாரைக் கொஞ்சம் சூடாக்கிவிட்டு இதே சோதனையைத் திரும்பச் செய்யுங்கள்.

பி0122, பி0123 போன்றவற்றில் வயரையும் கணினியையும் சேர்த்துச் சரிபார்க்க ஓர் எளிய வழி இருக்கிறது. சாவியைப் போட்டு, ஸ்கேனரில் த்ராட்டில் வோல்டேஜைப் பார்த்துக்கொண்டே சென்சார் கனெக்டரைக் கழற்றுங்கள். பெரும்பாலான கார்களில் அது 0-க்கு அருகில் இறங்கும். பிறகு வயர் பக்கத்தில் 5 வோல்ட் ஊசியையும் சிக்னல் ஊசியையும் ஒரு துண்டு வயரால் இணைத்தால் ஸ்கேனர் 5 வோல்ட்டை ஒட்டிக் காட்ட வேண்டும். காட்டினால் வயரும் கணினியும் நலம், குறை சென்சாரில் அல்லது எர்த்தில். காட்டாவிட்டால் சிக்னல் வயரைத் தேடிப் போங்கள். 5 வோல்ட் ஊசியை எர்த் ஊசியோடு இணைத்துவிடக் கூடாது என்பதால், எது எது என்று உறுதியாகத் தெரியாமல் இந்த வேலையில் இறங்க வேண்டாம்.

சென்சாரைக் கழற்றி ஓம் அளந்து பார்க்கும் முறையை வேண்டுமென்றே ஒதுக்கி வைத்திருக்கிறேன். செய்யலாம், தவறில்லை. ஆனால் வோல்டேஜ் சோதனை சென்சாரை அது வேலை செய்யும் நிலையிலேயே பார்க்கிறது. எனக்கு அதில்தான் நம்பிக்கை.

சரி, சோதனையில் சென்சார்தான் குற்றவாளி என்று உறுதியாகிவிட்டது. இனி மாற்றுவோம்.

எஞ்சின் ஆறியிருக்கட்டும். பேட்டரியின் எதிர்முனையைக் கழற்றிவிடுங்கள். ரேடியோவுக்குக் குறியீட்டு எண் கேட்கும் கார் என்றால் அந்த எண் கையில் இருக்கிறதா என்று முதலில் பார்த்துவிடுங்கள். சென்சாரின் ஸ்க்ரூ துளைகள் வட்டமாக இல்லாமல் நீள்வட்டமாக இருந்தால் அது திருப்பிச் சரிசெய்யக்கூடிய வகை. அப்படியானால் கழற்றும் முன் சென்சாரின் விளிம்பிலிருந்து த்ராட்டில் பாடி வரை கூர்மையான ஆணியால் ஒரு கோடு கீறிக்கொள்ளுங்கள். புதியதைப் பொருத்தும்போது தோராயமான இடம் அங்கேயே கிடைத்துவிடும்.

இந்த வேலையில் வியர்வை வருவது ஸ்க்ரூவில்தான். சின்ன ஸ்க்ரூ, தொழிற்சாலையில் பசை தடவி இறுக்கியது, ஆண்டுக்கணக்கில் எஞ்சின் சூட்டில் வெந்தது. பொருந்தாத முனையால் ஒருமுறை வழுக்கினால் தலை மொட்டையாகிவிடும், அப்புறம் துளையிட்டுத்தான் எடுக்க வேண்டும். ஜப்பானியக் கார்களில் கூட்டல்குறித் தலை வழக்கமான பிலிப்ஸ் தலையைப் போலவே தெரியும், ஆனால் அது ஜிஸ் என்ற ஜப்பானியத் தரத்தின்படி அமைந்த சற்று வேறு வடிவம். பிலிப்ஸ் முனை அதில் முழுவதும் உட்காராமல் ஏறி வழுக்கும். சரியான முனையை வைத்து, அதன் தலையில் சுத்தியலால் இரண்டு தட்டு தட்டிவிட்டு, உடல் எடையை முன்னால் சாய்த்து அழுத்திக்கொண்டே திருப்புங்கள். இடம் குறுகலாக இருந்தால் த்ராட்டில் பாடியை முழுவதுமாகக் கழற்றி மேசையில் வைத்துச் செய்வது கூடுதல் வேலைதான். மொட்டை ஸ்க்ரூவோடு மல்லுக்கட்டுவதைவிட அது சின்ன வேலை.

பழையதை எடுத்ததும் தண்டின் நுனியைப் பாருங்கள். தட்டையாகச் சீவியிருக்கும், அல்லது ஒரு சின்ன நாக்கு நீட்டியிருக்கும். புதிய சென்சாருக்குள் அதைப் பிடிக்கும் வளைவு உண்டு, பெரும்பாலும் அது ஸ்பிரிங் அழுத்தத்தில் இருக்கும். சென்சாரை நேராக வைத்து அழுத்தினால் ஸ்க்ரூ துளைகள் பொருந்தினாலும் நாக்கு தவறான பக்கத்தில் உட்காரக்கூடும். துளைகள் சற்று விலகி இருக்குமாறு சாய்வாக வைத்து உள்ளே தள்ளி, பிறகு துளைகள் நேராகும்வரை திருப்ப வேண்டும். திருப்பும்போது ஸ்பிரிங் எதிர்ப்பது கையில் தெரிந்தால் சரியாக உட்கார்ந்துவிட்டது. ஓ-ரிங் என்ற ரப்பர் வளையம் இருந்தால் புதியதைப் போடுங்கள். ஸ்க்ரூக்களைக் கையால் பாதி இறுக்கியதும், தகட்டைக் கையால் முழுவதும் திறந்து விட்டுப் பாருங்கள். தடையில்லாமல் திறந்து, டக்கென்று தானாக மூட வேண்டும். எங்காவது சிக்கினால் எஞ்சினை ஸ்டார்ட் செய்யவே கூடாது. திறந்த நிலையில் சிக்கிய த்ராட்டிலோடு சாலையில் போவது எப்படி இருக்கும் என்று விளக்கத் தேவையில்லை.

நீள்வட்டத் துளை இல்லாத சென்சார் என்றால் இறுக்கிவிட்டு அடுத்த வேலையைப் பார்க்கலாம். மூடிய நிலை வோல்டேஜைக் கணினியே கற்றுக்கொள்ளும். திருப்பக்கூடிய வகை என்றால் பேட்டரியை மாட்டி, கனெக்டரைச் செருகி, சிக்னல் வயரில் மீட்டரை வைத்து, கையேட்டில் சொன்ன மூடிய நிலை வோல்டேஜ் வரும்வரை சென்சாரை நூலிழை நூலிழையாகத் திருப்புங்கள். இதில் ஒரு குறும்பு உண்டு. 0.50 வோல்ட்டில் நிறுத்திவிட்டு ஸ்க்ரூவை இறுக்கினால், ஸ்க்ரூவோடு சேர்ந்து சென்சாரும் இம்மியளவு திரும்பி மீட்டர் 0.54-க்குப் போய்விடும். ஆகவே இரண்டு ஸ்க்ரூக்களையும் மாற்றி மாற்றிக் கொஞ்சம் கொஞ்சமாக, மீட்டரைப் பார்த்துக்கொண்டே இறுக்குங்கள். கடைசியில் தகட்டைப் பத்துத் தடவை திறந்து மூடிவிட்டு வோல்டேஜ் அதே இடத்துக்குத் திரும்புகிறதா என்று பாருங்கள். பழைய டொயோட்டாக்கள் போன்ற சில கார்களில் நான்கு ஊசிச் சென்சார் இருக்கும். நான்காவது, தகடு மூடியிருக்கிறது என்று மட்டும் சொல்லும் சுவிட்ச். அதை ஃபீலர் கேஜ் என்ற மெல்லிய அளவுத் தகட்டைச் செருகிச் சரிசெய்ய வேண்டும், இடைவெளி எவ்வளவு என்பதற்குக் கையேட்டைத்தான் பார்க்க வேண்டும்.

தகடு மூடும்போது போய் முட்டும் சிறு நிறுத்த ஸ்க்ரூ ஒன்று இருக்கும். அதை மட்டும் தொடாதீர்கள். வோல்டேஜ் வரவில்லை என்று அதைத் திருகி வோல்டேஜை வரவழைப்பவர்கள் இருக்கிறார்கள். தகடு உண்மையிலேயே சற்றுத் திறந்து நிற்கும், நின்ற வேகம், அதாவது கார் நிற்கும்போது எஞ்சின் ஓடும் வேகம், ஏறும், அப்புறம் எதைத் தொட்டு எதைச் சரிசெய்வது என்று தெரியாமல் போய்விடும்.

இதுவரை சொன்னது கேபிள் வகைக்கு. உங்கள் காரில் பெடலிலிருந்து கேபிள் போகாமல் வயர் போனால், அதாவது தகட்டை மோட்டார் திறக்கும் மின்னணு வகை என்றால், கதை வேறு. அங்கே ஒரே உறைக்குள் இரண்டு சென்சார்கள் இருக்கும், ஒன்று பொய் சொன்னால் மற்றது காட்டிக்கொடுக்கும். பல கார்களில் ஒன்றின் வோல்டேஜ் ஏறும்போது மற்றதன் வோல்டேஜ் இறங்கும், இரண்டையும் கூட்டினால் எப்போதும் ஏறத்தாழ 5 வோல்ட் வரும். வேறு சிலவற்றில் இரண்டும் வெவ்வேறு வேகத்தில் ஏறும். இரண்டும் ஒத்துப்போகாவிட்டால் பி2135 வரும், கணினி தகட்டை லேசாகத் திறந்த நிலையில் விட்டுவிட்டு எஞ்சின் வேகத்துக்குக் கடிவாளம் போட்டுவிடும். பல மாடல்களில் உரசும் தடமே கிடையாது, காந்தப்புலத்தை உணரும் ஹால் வகைச் சென்சார்தான். அதற்குத் தேய்மானம் இல்லை. ஆகவே அங்கே வயரையும் கனெக்டரையும் இன்னும் ஒருபடி அதிகமாகச் சந்தேகப்பட வேண்டும். சென்சார் மட்டும் தனியாகப் பெரும்பாலும் கிடைக்காது, த்ராட்டில் பாடியையே மாற்ற வேண்டும்: புதிய கேஸ்கெட், போல்ட்களைக் குறுக்காக மாற்றி மாற்றி இறுக்குவது, குளிர்நீர்க் குழாய் இணைந்திருந்தால் எஞ்சின் நன்றாக ஆறிய பிறகே அதைத் தொடுவது. சாவி போட்டிருக்கும்போது அந்தத் தகட்டுக்குள் விரல் விடாதீர்கள். மோட்டார் திடீரென்று மூடினால் விரல் நசுங்கும்.

பொருத்தி முடித்ததும் குறியீட்டை அழித்துவிட்டு, பெடலைத் தொடாமல் சாவியைப் போட்டுச் சில நொடிகள் விடுங்கள், பிறகு ஸ்டார்ட் செய்து எஞ்சின் சூடேறும்வரை நின்ற நிலையிலேயே ஓட விடுங்கள். பல கேபிள் வகைக் கார்களுக்கு இது போதும். மின்னணு வகையில் மூடிய நிலையைக் கற்பிக்க ஒவ்வொரு நிறுவனத்துக்கும் ஒரு சடங்கு உண்டு, பலவற்றுக்கு ஸ்கேனர் வழியாகத்தான் செய்ய முடியும். அதைச் செய்யாமல் விட்டால் புதிய பாகம் போட்ட பிறகும் நின்ற வேகம் தாறுமாறாக இருக்கும், பாகம்தான் மோசம் என்று திருப்பிக் கொடுக்கப் போவீர்கள்.

உங்கள் விஷயத்துக்கு வருகிறேன். பி0121, லேசான மிதியில் தயக்கம், நின்ற வேகம் ஏறி இறங்குவது. நான் உங்கள் இடத்தில் இருந்தால் இன்று தகட்டைத் துடைப்பேன், ரப்பர் குழாய்களை விரலால் தடவி வெடிப்பு தேடுவேன், பிறகு அந்த மெல்லத் திறக்கும் சோதனையைச் செய்வேன். மூடிய நிலைக்கும் கால்வாசித் திறப்புக்கும் இடையில் ஒரே இடத்தில் வோல்டேஜ் விழுந்தால் சென்சாரை வாங்குங்கள். முழுத் தூரமும் வழுவழுவென்று ஏறினால் வாங்காதீர்கள். காற்றை அளக்கும் சென்சாரின் பக்கம் போங்கள். எப்படியானாலும் பழைய சென்சாரை, புதியது ஒரு மாதம் ஒழுங்காக ஓடும்வரை தூக்கிப் போட்டுவிடாதீர்கள்.